முருங்கைக்காய் சாட்சி

ஒருவர் பை பிடிக்கிற பிடியைப் பார்த்தே, அவர் வீட்டில் நேற்று உலை கொதித்ததா இல்லையா என்று சொல்லிவிடுவார் ஆவுடையப்பன். கோவில்பட்டி பம்புசெட் தெரு நியாயவிலைக் கடையில் பத்தொன்பது வருஷமாக விற்பனையாளர். பையைச் சுருட்டிக் கக்கத்தில் இடுக்கி வருகிறவர் சர்க்கரைக்கு வருகிறவர். பையை விரித்து இரண்டு கையாலும் பிடிக்கிறவர் அரிசிக்கு வருகிறவர். வரிசையில் நிற்கும்போதே பையை மடித்து, பிரித்து, மறுபடி மடித்துக்கொண்டிருந்தால் அந்த வீட்டில் அடுப்பு அணைந்து ஒரு நாளாவது ஆகியிருக்கும். அப்படிப்பட்டவர்கள் வந்தால் ஆவுடையப்பன் லேசாகக் கனைப்பார். எடையாளர் பால்துரை, சாக்கு உதறிச் சேர்த்து வைத்த அரிசியில் இரண்டு கை கூடுதலாக அள்ளிப் போடுவார். சட்டத்தில் இதற்கு இடமில்லை. கனைப்பதற்குத் தடையும் இல்லை.

இந்தத் திறமையைப் பற்றி அவருக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. கொஞ்சம் என்பது அவர் சொல்வது. அவர் மனைவி செண்பகம் சொல்வதில் அது ஐம்பது கிலோ மூட்டை.

அந்தக் கர்வத்துக்குப் போட்டியாக, 2046 தை மாதம் அன்ன அட்டை வந்து சேர்ந்தது.

பழைய ரேஷன் அட்டை அளவுதான். நடுவில் கட்டைவிரல் வைக்க ஒரு சின்னக் கண்ணாடி. குடும்பத் தலைவி அதில் விரலை வைத்து, மூன்று மூச்சு விடும் நேரம் காத்திருந்தால் போதும். கடந்த பதினைந்து நாளில் அந்த உடம்புக்குள் என்ன போனது, எவ்வளவு போனது என்பதை ரத்தத்திலிருந்து படித்து அட்டையின் ஓரம் நிறம் மாறும். பச்சை என்றால் வழக்கமான அரிசி, சர்க்கரை. மஞ்சள் என்றால் கூடவே பருப்பு. சிவப்பு என்றால் அரிசி இரண்டு மடங்கு, பருப்பு, எண்ணெய், முப்பது முட்டை, அந்த மாதத்துக் கைச்செலவுக்கு அட்டையிலேயே ரொக்கம். மனு வேண்டாம், சான்றிதழ் வேண்டாம், எந்த அலுவலகத்து வாசலிலும் நின்று தலையைச் சொறிய வேண்டாம். வாய் சொல்லாததை விரல் சொல்லிவிடும்.

முதல் மாதம் தெருவே ஒருநாள் விரதம் இருந்து வந்து விரலை வைத்தது. அட்டை பச்சையாகச் சிரித்தது. பதினைந்து நாள் தின்றதை ஒருநாள் பட்டினி மறைக்காது என்று தெரிந்ததும், விரதத்தை முடித்துக்கொண்டு எல்லோரும் நேரே பக்கத்து டீக்கடைக்குப் போய் உளுந்தவடையைக் காலி செய்தார்கள்.

ஆவுடையப்பன் தோற்கத் தயாராக இல்லை. யாராவது விரல் வைக்கும் முன்பே பையைப் பார்த்து நிறத்தைச் சொல்வார். பால்துரையோடு ஒரு டீ பந்தயம். நாலு மாதத்தில் பால்துரை வாங்கிக் கொடுத்த டீயை ஊற்றினால் ஒரு தண்ணீர்த்தொட்டி நிரம்பும். கடலைமிட்டாய்க் கம்பெனியில் பொட்டலம் போடும் மாரிக்கனி வந்தபோது மட்டும் அவர் நிறம் சொல்லவில்லை. அவள் பையை மடித்த மடிப்பில் துணி நைந்திருந்தது. அட்டை சிவந்தது. மாரிக்கனி தலையைக் குனிந்துகொண்டாள். முட்டை அட்டையைக் கையில் கொடுத்தபோது மட்டும், முப்பதும் ஒரே வீட்டுக்கா என்று இரண்டு தடவை கேட்டாள்.

வைகாசி ஏழாம் தேதி செண்பகம் கடைக்கு வந்தாள். அதற்கு முந்தைய நாலு மாதமும் அவள் விரலுக்கு விலக்கு இருந்தது. கடை ஊழியர் வீட்டு அட்டைகளை வைகாசியிலிருந்துதான் சேர்த்தார்கள். அவள் பையைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்திருந்தாள். ஆவுடையப்பன் வரிசையைப் பார்த்துக் குரலை உயர்த்தினார். இதோ வருவது ஊருக்கே சோறு போடுகிற வீட்டின் தலைவி என்றும், பச்சையிலேயே நல்ல வாழையிலைப் பச்சையாக வரப்போகிறது, கண் கூசினால் பொறுத்துக்கொள்ள வேண்டும் என்றும் அறிவித்தார்.

அட்டை சிவந்தது.

மஞ்சளில்கூட நிற்கவில்லை. குங்குமச் சிவப்பு. வரிசை கழுத்தை நீட்டி எட்டிப் பார்த்தது. பிறகு மாரிக்கனி மெதுவாகச் சொன்னாள்: "அண்ணாச்சி, எங்க வீடும் செவப்பு, ஒங்க வீடும் செவப்பு. இனிமே நாம சம்பந்தி முறைல்லா."

எல்லோரும் சிரித்தார்கள். ஆவுடையப்பனும் சிரித்தார், சிரிப்பது அவருக்குத் தொழில் மாதிரி. கண்ணாடியைத் துடைத்தார். செண்பகத்தின் விரலைத் துடைத்தார். மறுபடி வைக்கச் சொன்னார். மறுபடி சிவப்பு. மூன்றாம் தடவையும் சிவந்தபோது செண்பகம் கையை இழுத்துக்கொண்டாள்.

"மிசினுக்கு என்னங்க தெரியும்? விடுங்க. வெயில் ஏறுது." பையைச் சுருட்டிக்கொண்டு நடந்துவிட்டாள்.

அன்று சாயங்காலம் வீட்டில் அவர் கேட்டார், ஒழுங்காகச் சாப்பிடுகிறாயா என்று. சாப்பிடாமலா இத்தனை வருஷம் நடமாடுகிறேன் என்றாள் அவள். உடம்புக்கு ஏதாவது செய்கிறதா என்று கேட்டார். உடம்புக்கு ஒன்றும் இல்லை, காய்கறிக்காரன் போய்விடுவான், வழியை விடுங்கள் என்றாள். ஆவுடையப்பனுக்குத் திருப்தியாகிவிட்டது. ஆயிரம் பேருடைய பையைப் பார்த்துப் பசியைச் சொன்ன மனிதருக்கு மனைவி சொன்ன ஒரு வாக்கியம் போதுமானதாக இருந்தது.

சிக்கல் வேறு இடத்திலிருந்து வந்தது. சிவப்பு அட்டைகளின் பெயர்களைக் கடை வாசல் கரும்பலகையில் எழுத வேண்டும் என்பது அன்ன வாரியத்தின் விதி. சிவப்புக்காரருக்கு வரும் சரக்கை விற்பனையாளர் விழுங்கிவிடக் கூடாது என்பதற்காக. அதே விதிப்புத்தகத்தில் இன்னொரு வரி இருந்தது: விற்பனையாளர் வீட்டு அட்டையே சிவந்தால் அது முறைகேடு என்று கருதப்படும். பத்து நாளுக்குள் விளக்கம் தராவிட்டால் அவர் விற்பனையாளராக நீடிக்க முடியாது. ஆவுடையப்பன் செண்பகத்தின் பெயரை எழுதவில்லை. வாரியத்துக்குப் போன் போட்டு, இயந்திரம் கோளாறு, உடனே ஆள் அனுப்புங்கள் என்றார். அவர் எதிர்பார்க்காத விதமாக வாரியம் சந்தோஷப்பட்டது.

வியாழக்கிழமை காலை நிலோஃபர் வந்தாள். மேலப்பாளையத்துப் பெண், இருபத்தேழு வயது, அந்த அட்டையை வடிவமைத்த பொறியாளர்களில் ஒருத்தி. கையில் ஒரு பெட்டியும் முகத்தில் இரண்டு நாள் தூக்கமின்மையும். பெட்டியைத் திறந்து கடை இயந்திரத்தோடு கம்பிகளை இணைத்து, அரைமணி நேரம் எண்களைப் பார்த்தாள். பிறகு அச்சடித்த ஒரு தாளை எடுத்து மேசையில் வைத்தாள். இயந்திரம் தவறாகக் காட்டுகிறது என்று என் அனுபவத்தில் உறுதி கூறுகிறேன், இப்படிக்கு விற்பனையாளர். கீழே கையெழுத்துக்கு இடம்.

"எங்க கோளாறுன்னு கண்டுபிடிச்சிட்டீங்களா மேடம்?"

"இல்ல சார். அதான் வேதனை. எல்லாப் பரிசோதனையிலும் தேறுது. ஆனா இந்தப் பக்கத்து மாவட்டங்கள்ல செவப்பு காட்டுற வீட்டுல பத்துக்கு நாலு, அடுப்பெரியிற வீடு. சம்பளம் வர்ற வீடு. முதல் புகார் எங்க ஊர்லயே வந்தது. மூணு பேரு சம்பாதிக்கிற வீடு சார், பிரிட்ஜ் நிறைய சாமான். அங்க செவப்பு. அப்பவே மிசின்லதான் கோளாறுன்னு தெரிஞ்சுபோச்சு."

எதற்காக வீட்டுக்கு ஒரு விரல் மட்டும் என்று ஆவுடையப்பன் கேட்டார். அவள் கொஞ்சம் தற்காப்பாகவே விளக்கினாள். எல்லோர் விரலையும் வைக்கச் சொன்னால் வரிசை நகராது. அதனால் சோறு யார் கையில் இருக்கிறதோ அவர் விரல் போதும் என்று முடிவெடுத்தார்கள். அவரே பட்டினி என்றால் வீடே பட்டினி என்று பொருள். அந்த ஒரு வரியின் மேல்தான் மொத்தக் கணக்கும் நிற்கிறது.

ஆவுடையப்பன் மேசையைத் தட்டி ஆமோதித்தார். "நியாயம்தானே மேடம்? பானை அவ முன்னால இருக்கு, கரண்டி அவ கையில இருக்கு. எப்படிப் பசிக்கும்?"

"அதத்தான் சார் நாங்களும் நெனச்சோம்."

இருபது விற்பனையாளர்கள் கையெழுத்துப் போட்டால் வாரியம் இந்த அட்டையை மூட்டை கட்டிவிட்டுப் பழைய முறைக்கே போய்விடும் என்றாள் அவள். பத்தொன்பது பேர் போட்டாயிற்று. இவர் இருபதாவது. போட்டுவிட்டால் அவர்மேல் இருக்கும் முறைகேடும் தானாகவே கரைந்துவிடும். பழைய முறை என்றால் மாரிக்கனி மாதிரி ஆட்களுக்கு என்ன ஆகும் என்று ஆவுடையப்பன் கேட்டார். மனுக் கொடுக்க வேண்டும், வருமானச் சான்று வாங்க வேண்டும், விசாரணைக்கு ஆள் வர வேண்டும் என்று சொல்லி, அதற்குப் பிறகு எவ்வளவு நாள் என்பதைச் சொல்லாமல் நிலோஃபர் பெட்டியை மூடினாள்.

பேனாவைத் திறந்தவர் மாரிக்கனியின் நைந்த பையை நினைத்து ஒரு நிமிஷம் நிறுத்தினார். மணி ஒன்றேகால். நிறுத்தியதற்கு ஒரு கௌரவமான காரணம் கிடைத்தது.

"கையெழுத்து எங்க போயிரும்? மொதல்ல சாப்பிட்டுட்டு வருவோம். வீடு ரெண்டு தெரு தள்ளித்தான். செவப்புக் காட்டுன வீடு எப்பேர்ப்பட்ட வீடுன்னு நீங்களே கண்ணால பாருங்க. பால்துரை, கதவச் சாத்து."

பால்துரைக்கு அந்த அழைப்பு தேவையில்லை. வாரத்தில் நாலு நாள் அவருக்கு மதியச் சாப்பாடு அங்கேதான். மிச்ச நாள்களில் லாரி ஓட்டுநர், கணக்குப் பார்க்க வந்தவர், வழி கேட்டு நின்றவர் என்று யாராவது ஒருவர். ஆவுடையப்பன் வாசலில் நின்றபடியே, செண்பகம், ஒரு ஆள் கூட வந்திருக்கு என்பார். அவள் ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. அந்த வீட்டுக்குப் போனால் வெறும் தண்ணீரோடு யாரும் திரும்ப முடியாது என்று ஊரில் பெயர். தெருவில் பாதிப் பேர் அவரை வள்ளல் என்பார்கள். மீதிப் பேர் இன்னும் சாப்பிடக் கூப்பிடப்படாதவர்கள்.

மூன்று தட்டு விழுந்தது. முருங்கைக்காய் சாம்பார், முட்டைக்கோஸ் பொரியல், அப்பளம், ரசம். ஆவுடையப்பன் உட்கார்ந்த இடத்திலிருந்தே உபசாரத்தை நடத்தினார். மேடத்துக்கு இன்னும் ஒரு கரண்டி. பால்துரை என்ன வெறும் ரசத்தோடு நிற்கிறான். முருங்கைக்காயைச் சாம்பாருக்குள் ஒளித்து வைத்தால் எப்படி, அள்ளிப் போடு. செண்பகம் போட்டுக்கொண்டே இருந்தாள். தட்டோரங்களில் சக்கை குவிந்தது.

நீங்களும் உட்காருங்களேன் அக்கா என்று நிலோஃபர் சொன்னாள்.

"நான் பதினோரு மணிக்கே சாப்பிட்டாச்சும்மா. நீ கூச்சப்படாமச் சாப்பிடு."

"கேட்டீங்களா? பதினோரு மணிக்கே. இதத்தான் அந்த மிசினு பட்டினிங்குது." ஆவுடையப்பன் வாய் நிறையச் சோற்றோடு வெற்றிப் புன்னகை புரிந்தார்.

சாப்பிட்டு முடித்து, விருந்தாளி தட்டை எடுக்கக் கூடாது என்று இவர்கள் தடுக்கத் தடுக்க, நிலோஃபர் தன் தட்டை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போனாள். போனவள் உடனே திரும்பவில்லை. ஆவுடையப்பன் தம் தட்டோடு பின்னால் போனார். அவள் குப்பை வாளியைப் பார்த்தபடி நின்றிருந்தாள். கருவேப்பிலைக் காம்பு, முட்டைக்கோஸ் தண்டு, டீத்தூள். அவ்வளவுதான்.

"அக்கா, பதினோரு மணிக்கு இந்தச் சாம்பாரத்தான் ஊத்திச் சாப்பிட்டீங்களா?"

"ஆமாம்மா. வேற என்ன?"

"அப்ப உங்க முருங்கைக்காய்ச் சக்கை எங்க?"

இயந்திரத்தில் தப்பு எங்கே என்று தேடுகிற பழக்கத்தில் கேட்டுவிட்டாள். கேட்ட பிறகுதான், கேட்டது என்ன என்று அவளுக்கே தெரிந்தது போல உதட்டைக் கடித்துக்கொண்டாள். செண்பகம் சிரித்தாள்.

"எனக்கு முருங்கைக்காய் பிடிக்காது."

ஆவுடையப்பன் ஆமாம் என்று சொல்வதற்கு வாயைத் திறந்தார். வீட்டுக்குச் சாதகமான எந்தச் சாட்சிக்கும் ஆமாம் போடுவதாகத்தான் அன்றைக்கு இருந்தார். ஆனால் கல்யாணமான புதிதில் அவர் தோட்டத்து முருங்கைக்காய் ஒரு கட்டு வாங்கி வந்ததும், ஒரே வேளையில் எட்டுத் துண்டைச் சப்பி, சக்கையைத் தட்டோரத்தில் கோட்டைச்சுவர் மாதிரி அடுக்கிய பெண் ஒருத்தி அவர் ஞாபகத்துக்கு வந்தாள். ஆட்டுக்குட்டியைக் கட்டிக்கொண்டு வந்துவிட்டேனா என்று அவர் கேலி செய்ததும், அவள் ஒன்பதாவது துண்டை எடுத்ததும்கூட ஞாபகம் வந்தது. திறந்த வாயை மூடிக்கொண்டார்.

சோற்றுப் பானையைச் சாய்த்துப் பார்த்தார். அடியில் ஒட்டியதைச் சுரண்டித் தண்ணீர் ஊற்றி வைத்திருந்தது. கூட உப்பு. சாம்பார்ச் சட்டியைப் பார்த்தார். வழித்து விட்டிருந்தது.

"எத்தனை நாளா?" என்றார். அவர் குரல் அவருக்கே அடையாளம் தெரியவில்லை.

"என்னத்த எத்தனை நாளா? சாயங்காலம் தோசை ஊத்திக்கிடுவேன். என்னமோ கொலைக்குத்தம் கணக்காக் கேக்கீங்க." அவள் தட்டுகளை வாங்கித் தொட்டியில் போட்டாள்.

"கூடக் கொஞ்சம் பொங்கினா என்ன? அரிசிக்கா பஞ்சம்? ரேசன் கடக்காரன் வீடு!"

செண்பகம் தண்ணீர்க் குழாயை மூடினாள். அவள் கோபப்படவில்லை, கடையில் என்ன சாமான் வாங்க வேண்டும் என்று சொல்கிற குரலில்தான் சொன்னாள்.

"பொங்கினேன். மொத ரெண்டு மாசம் பொங்கினேன். ஆளு வந்த அன்னைக்குச் சரி. வராத அன்னைக்கு மிஞ்சிப்போகும். நீங்க பானையத் திறந்து பாத்துட்டு வைவீங்க. ஒரு பருக்கைக்கு ஊர்ல எத்தனை பேரு வரிசையில நிக்கான் தெரியுமான்னு கேப்பீங்க. நீங்க சொல்லுததும் சரிதான. அதான் ரெண்டு பேருக்கு அளந்து போட்டேன். யாராச்சும் வந்தா என் பங்கு அவுகளுக்கு, ரெண்டு ஆளுன்னா ராத்திரிக்கு வச்சதும் சேத்து. வீண் இல்ல, வந்தவுக பசியோட போகவும் இல்ல. நான் பெருசா ஒண்ணும் நெனைக்கல."

ஆவுடையப்பனுக்குத் தம்மிடம் இரண்டு நல்ல குணங்கள் உண்டு என்று எப்போதும் எண்ணம். வந்தவரைப் பட்டினியாக அனுப்பமாட்டார். ஒரு பருக்கையை வீணாக விடமாட்டார். அந்த இரண்டு குணமும் கைகோத்துக்கொண்டு அவர் வீட்டுக்குள்ளேயே ஒருத்தியின் தட்டைத் தினம் தூக்கிக்கொண்டு போயிருக்கின்றன. அவர் வாசலில் நின்று, ஒரு ஆள் கூட வந்திருக்கு என்று சொன்னபோதெல்லாம் பந்தியிலிருந்து ஒரு ஆளை எழுப்பியிருக்கிறார். வள்ளல் பட்டம் அவருக்கு, வழங்கியது அவள்.

கை கழுவ வந்த பால்துரை, ஈரக்கையோடு கதவோரத்தில் நின்றுகொண்டிருந்தார். "அண்ணாச்சி, நான் வாரத்துல நாலு நாளு..." என்று தொடங்கியவர் முடிக்கவில்லை. முடிப்பதற்கு அதில் பெருக்கல் இருந்தது.

"ஒன்னைய யாரும் ஒண்ணும் சொல்லலடே. கூப்பிட்டவன் நானு."

கூடத்துக்கு வந்து உட்கார்ந்தார்கள். நிலோஃபர் அந்த அச்சடித்த தாளை வெளியே எடுக்கவில்லை. பையைத் திறந்து மூடினாள். பிறகு, அவருக்கு உதவ நினைத்து, இன்னொரு வழி இருக்கிறது என்றாள். அக்காவுக்கு உடம்பு சரியில்லை, ஆகாரம் ஒட்டவில்லை என்று ஒரு மருத்துவர் சீட்டு வைத்தால் முறைகேடு விலகிவிடும். அட்டையைக் குறை சொல்லவும் வேண்டாம், வேலையும் போகாது. யாருக்கும் எதுவும் தெரிய வேண்டியதில்லை.

"இயந்திரம் சரின்னு எழுதினா?"

"எழுதினா அட்டை நிலைச்சு நிக்கும் சார். மாரிக்கனியக்காவுக்குச் செவப்புச் சரக்கு தொடர்ந்து கிடைக்கும். ஆனா, அக்கா பேரு பலகையில ஏறும். நீங்க திருடலன்னா பட்டினி போட்டீங்கன்னு அர்த்தம். ரெண்டுல ஒண்ண வாரியம் எழுதிக்கிடும். இந்த வேலை உங்ககிட்ட இருக்காது."

ஆவுடையப்பன் செண்பகத்தைப் பார்த்தார். ஊர் முன்னால் அவள் பெயர் சிவப்புப் பலகையில் ஏறுவது அவளுக்குச் சம்மதமா என்று கேட்டார். பத்தொன்பது வருஷத்தில் அவர் அவளைச் சம்மதம் கேட்ட காரியங்களை ஒரு கைவிரலில் எண்ணலாம், விரல் மிஞ்சும்.

செண்பகம் முந்தானையில் கையைத் துடைத்தாள். "அந்தப் பிள்ளை மாரிக்கனி பேரு ஏறலாம், என் பேரு ஏறக்கூடாதோ? எழுதுங்க. உள்ளத எழுதுங்க. கூடக்கொறைய நடிச்சு எழுதாதீங்க, ஒங்களுக்கு அதுதான் வரும்."

அவர் அச்சடித்த தாளைத் திருப்பி, பின்பக்கத்தில் தம் கைப்பட எழுதினார். கடைக் கணக்கில் ஒரு புள்ளிகூட விலகாத முத்து முத்தான கையெழுத்து. 'இயந்திரம் சரியாக இருக்கிறது. இந்த வீட்டில் திருட்டு நடந்திருக்கிறது. அரிசி திருடு போகவில்லை. என் மனைவி செண்பகத்தின் மதியச் சாப்பாட்டை நான் பத்தொன்பது ஆண்டுகளாக அவளைக் கேட்காமல் பிறருக்கு வழங்கி, அந்தப் புகழை நானே வைத்துக்கொண்டேன். இந்தச் சிவப்பு உண்மையானது. மற்ற சிவப்புகளையும் நம்பும்படி கேட்டுக்கொள்கிறேன். பை பிடிக்கிற பிடியைப் பார்த்துப் பசியைச் சொல்லிவிடுவேன் என்று இதுவரை நான் கூறிவந்ததை வாபஸ் பெறுகிறேன்.'

கடைசி வாக்கியத்தைப் படித்ததும், நடிக்க வேண்டாம் என்று சொன்னேனே என்றாள் செண்பகம். இருக்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

மறுநாள் காலை கடை திறந்ததும் ஆவுடையப்பன் சுண்ணக்கட்டியை எடுத்துக் கரும்பலகையில், மாரிக்கனியின் பெயருக்கு அடியில், ஆ. செண்பகம் என்று எழுதினார். இரண்டு மடங்கு அரிசி, பருப்பு, எண்ணெயை ஒரு தோளில் போட்டு, முட்டை அட்டையைக் கையில் ஏந்தி, பம்புசெட் தெருவின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை நடந்தார். வழியில் கேட்டவர்களுக்கெல்லாம் காரணம் சொன்னார். சிலர் சிரித்தார்கள். சில வீடுகளில் ஆண்கள் சட்டென்று எழுந்து உள்ளே போனார்கள். அவர்கள் அடுப்படிப் பக்கம் போனார்களா, வேறெங்கும் போனார்களா என்று அவர் நின்று பார்க்கவில்லை. மாரிக்கனி மட்டும் எதிரே வந்து நின்றாள்.

"என்ன சம்பந்தி, முட்டை உடையாமக் கொண்டு போங்க."

வாரியத்திலிருந்து இரண்டு வாரத்தில் உத்தரவு வந்தது. அவர் திருடவில்லை என்று ஒப்புக்கொண்டார்கள். ஆனால் விதிப்புத்தகத்தில் மனைவியைப் பட்டினி போட்டவர்களுக்கு விலக்கு இல்லை. அதனால் ஆறு மாதத்துக்கு எடையாளராகக் கீழே இறக்கினார்கள். பால்துரை விற்பனையாளரானார். நாற்காலியின் நுனியில், யாரோ எழுப்பப்போகிறார்கள் என்பதுபோல உட்கார்ந்திருந்தார். முதல் நாளே, பையை மடித்து மடித்துப் பிரிக்கிற ஒருத்தி வந்தபோது பால்துரை லேசாகக் கனைத்தார். தூசு மூட்டைகளுக்கு நடுவே நின்றிருந்த ஆவுடையப்பன் இரண்டு கை அள்ளிப் போட்டார். முறை மாறியதே தவிர, கடை மாறவில்லை.

வீட்டில் அவ்வளவு சுலபமாக இல்லை. முதலில் உட்கார்ந்து சாப்பிடு என்று சொன்னால் செண்பகத்துக்குச் சோறு இறங்கவில்லை. யாரோ பரீட்சை எழுத வைத்தது போலத் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். நீங்கள் முறைத்துக்கொண்டு நின்றால் எனக்கு விக்கல் வருகிறது, வெளியே போங்கள் என்றாள். அவர் வெளியே போனார். ஆனால் நான் சாப்பிட்டாச்சு என்ற அந்த வார்த்தையை இனி எப்படி நம்புவது என்று அவருக்குத் தெரியவில்லை. பத்தொன்பது வருஷம் அது பொய்யாக இருந்தபோது நிம்மதியாக நம்பினார். இப்போது மெய்யாக இருக்கலாம் என்கிறபோது தூக்கம் வரவில்லை. ஆனி மாதம் அட்டை மஞ்சளானது. பலகையில் அவள் பெயரை அழிக்கும்போது மாரிக்கனி, சம்பந்தம் முறிந்துபோச்சே என்று வருத்தப்பட்டாள்.

ஆடி பிறந்து ஒரு புதன்கிழமை, நிலோஃபரிடமிருந்து கடை முகவரிக்கு ஒரு கடிதம் வந்தது. பால்துரை அதைப் பிரித்து, விற்பனையாளர் என்ற முறையில் சத்தமாகப் படித்தார். கையெழுத்துப் போட்ட மற்ற பத்தொன்பது விற்பனையாளர்கள் வீட்டுக்கும் அவள் ஒவ்வொன்றாக, இயந்திரம் சரிபார்க்கிற சாக்கில் மதிய நேரம் பார்த்துப் போயிருக்கிறாள். குழம்பு வீட்டுக்கு வீடு மாறியது. குப்பை வாளி மாறவில்லை. பதினேழு பேர் கையெழுத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். அட்டையை மூட்டை கட்டும் யோசனையை வாரியம் கைவிட்டது. வரும் தை மாதத்திலிருந்து வீட்டில் நன்றாகச் சாப்பிடுகிறவர் யாரோ அவரும் தலைவியோடு வந்து விரல் வைக்க வேண்டும்.

கடைசிப் பத்தியில் பால்துரையின் குரல் இறங்கியது.

'முதல் புகார் எங்கள் ஊரிலிருந்து வந்தது என்று சொன்னேனே, அதைக் கொடுத்தது நான்தான் அண்ணாச்சி. அது எங்கள் வீட்டு அட்டை. எங்கள் உம்மாவின் விரல். வாப்பா, தம்பி, நான், மூன்று பேரும் சம்பாதிக்கிறோம். உம்மாவுக்குப் போய்ச் சிவப்புக் காட்டுகிறதே என்று எனக்கு இயந்திரத்தின் மேல்தான் கோபம் வந்தது. புகாரை வாபஸ் வாங்கிவிட்டேன்.'

பால்துரை கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். ஆவுடையப்பன் தராசுத் தட்டைத் துடைத்தார். அதில் ஒன்றும் இல்லை, பூஜ்யம் காட்டிக்கொண்டிருந்தது. மணி ஒன்றாகப் பத்து நிமிஷம் இருந்தது. ஆவுடையப்பன் போனை எடுத்தார். முன்கூட்டியே கேட்பது என்கிற புதுப் பழக்கம் அவருக்கு இன்னும் நாக்கில் முழுசாக உட்காரவில்லை.

"செண்பகம், பால்துரையக் கூட்டிட்டு வரலாம்னு பாக்கேன். வரட்டுமா?"

"வரச் சொல்லுங்க. ரெண்டு பேருக்கும் எடுத்து மூடி வச்சிருக்கேன், நீங்களே போட்டுச் சாப்பிடுங்க. பால்காரி வீட்டு வளைகாப்புக்கு நான் கிளம்புதேன். நான் சாப்பிட்டாச்சு."

நான் சாப்பிட்டாச்சு. ஆவுடையப்பன் போனை வைத்துவிட்டு, அந்த வார்த்தையை வழி முழுவதும் நாக்கில் வைத்து உருட்டிக்கொண்டே நடந்தார். பின்னால் பால்துரை, இதற்குத்தான் அண்ணாச்சி நான் வீட்டிலிருந்து கட்டிக்கொண்டு வருகிறேன் என்றேன் என்று முனகிக்கொண்டே வந்தார்.

வீடு பூட்டியிருந்தது. சாவி ஜன்னல் மேட்டில். உள்ளே மேசையில் இரண்டு தட்டு, மூடி வைத்த பாத்திரங்கள். ஆவுடையப்பன் மூடியைத் திறக்கவில்லை. நேரே அடுப்படிக்குப் போய்த் தொட்டியை எட்டிப் பார்த்தார்.

அதில் ஒரு தட்டு கிடந்தது. எதையும் கழுவிக் கவிழ்க்காமல் வாசலைத் தாண்டாத செண்பகம், அதைக் கழுவாமல் போயிருந்தாள். அதன் ஓரத்தில் முருங்கைக்காய்ச் சக்கை, நன்றாகச் சப்பிப் பிழிந்து, கோட்டைச்சுவர் மாதிரி அடுக்கியிருந்தது. அவர் குனிந்து ஒவ்வொன்றாக எண்ணினார். ஒன்பது.

"அண்ணாச்சி, சோறு ஆறுது," என்றார் பால்துரை கூடத்திலிருந்து.

"நீ போட்டுச் சாப்பிடுடே," என்றார் ஆவுடையப்பன். "நான் இந்தத் தட்டக் கழுவிட்டு வாரேன்."